வேலாத்தாள் வீட்டு நாள்

தாழங்கழியில் இருநூற்றுப் பதின்மூன்று வீடுகள், ஆகவே இருநூற்றுப் பதின்மூன்று நாட்கள். கழியைப் பார்த்து நிற்கும் முதல் வீட்டில் தொடங்கி, தெருத்தெருவாக வளைந்து, உப்புக் கிடங்கைச் சுற்றி, மறுபடியும் அந்த முதல் வீட்டு வாசலுக்கே நாள் வந்து சேரும்போது ஒரு சுற்று முடியும், ஊரில் எல்லோருக்கும் ஒரு சுற்று வயது கூடும். நாளுக்கு எண் கிடையாது, வீட்டின் பெயர்தான் நாளின் பெயர். ஒவ்வொரு காலையும் அன்றைய வீட்டுக்காரி ஒரு சிறு கலயத்தில் தன் வீட்டு மோரை எடுத்துக்கொண்டு அடுத்த வீட்டு வாசலில் போய் நின்று, "நாள் கொண்டாந்திருக்கேன், வாங்கிக்கிடுதீகளா?" என்று கேட்பாள், "அடுப்பு இருக்கு, பால் இருக்கு, குடுங்க" என்று பதில் வரும், அந்த மோர் அந்த வீட்டுப் பாலில் விழுந்து, பகலெல்லாம் யாரும் அசைக்காமல் இருந்து, விளக்கு வைக்கும் நேரத்தில் தயிராக உறைந்ததும் பழைய நாள் முடிந்து புதிய நாள் பிறக்கும். நாள்கூவி மாசானம் தெருவில் இறங்கி, இன்னார் வீட்டு நாள், இன்னார் வீட்டு நாள் என்று கூவிக்கொண்டு போவார். பால் உறையாவிட்டால் நாள் மாறாது. அப்படி ஒருமுறைகூட நடந்ததில்லை என்பதால் அதற்கு என்ன செய்வது என்று யாரும் யோசித்து வைத்திருக்கவில்லை.

நான் உப்புப் படகில் வந்து இறங்கிய காலையில், வேலாத்தாள் வீட்டு நாளுக்கு அறுபத்து மூன்றாவது சூரியன் உதித்திருந்தது.

வேலாத்தாள் வீட்டுக்கு அடுத்த வீடு எங்களுடையது. அதில் தனியாக இருந்ததாக நான் நினைத்திருந்த என் அண்ணன் தவசி, எங்கள் வீட்டு முறை வருவதற்கு நாற்பது நாட்கள் முன்பு மார்பைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்து, அப்படியே போய்விட்டான். ஊரார் எரித்துவிட்டு வீட்டைப் பூட்டினார்கள். முறை வந்த காலையில் வேலாத்தாள் கலயத்தோடு வந்து பூட்டின் முன்னால் நின்றாள். பூட்டை உடைத்து, அவளே எங்கள் அடுப்பில் பால் காய்ச்சி உறை ஊற்றிப் பார்த்தாள். பால் திரியவுமில்லை, புளிக்கவுமில்லை, பாலாகவே இருந்தது. எங்கள் வீட்டைத் தாண்டி அதற்கடுத்த வீட்டில் கொடுத்துப் பார்த்தாள், அங்கேயும் அப்படியே. பிறகு மேட்டு நாட்டில் இருந்த எனக்குக் கடிதம் போட்டார்கள். ஒரே வரி: உன் நாள் வாசலில் வந்து நிற்கிறது.

மேட்டு நாட்டில் நாட்களுக்கு எண்தான் உண்டு. நான் அங்கே படித்து, அவர்கள் மொழியில் அவர்கள் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லி, அவர்கள் கணக்கில் பதினெட்டு வருடம் வாழ்ந்து நாற்பத்தெட்டு வயதாகியிருந்தேன்; எங்கள் ஊர்க் கணக்கில் எண்பத்திரண்டு சுற்று. எண்கள் சுத்தமானவை, ஒரு எண்ணுக்கும் இன்னொரு எண்ணுக்கும் பகை கிடையாது, ஆனால் பதினேழும் யாருடையதும் இல்லை, இருபத்திரண்டும் யாருடையதும் இல்லை. என் கணவர் விட்டுப்போன நாளுக்கும் ஒரு எண்தான், பள்ளிக்கூடம் என்னை இனி வேண்டாம் என்ற நாளுக்கும் ஒரு எண்தான். அப்படி இருக்கையில் ஒரு முழு நாள் என் பெயரைச் சொல்லிக்கொண்டு எங்கோ ஒரு வாசலில் காத்து நிற்கிறது என்று யாராவது எழுதினால், பெட்டியைக் கட்டாமல் என்ன செய்வது?

முடியாத நாளுக்கு ஊர் பழகிப்போயிருந்தது. சூரியன் வந்தது, போனது, ஆனால் அந்த நாளில் தொடங்கிய எதற்கும் முடிவு மட்டும் வரவில்லை. வேலாத்தாள் வீட்டு நாள் நாவிதருக்கு ஓய்வு நாள், எனவே தாழங்கழியின் ஆண்கள் எல்லோருக்கும் தாடி மார்புவரை இறங்கியிருந்தது. அந்த ஒரு நாள் விருந்துக்கு வந்த மருமகன் ஒருவர் அறுபத்து மூன்று சூரியன்களாக மாமியார் வீட்டில் இருந்தார். முதலில் கோழி அடித்தார்கள், பிறகு முட்டை, இப்போது அவரையே தண்ணீர் இறைக்க அனுப்பியிருந்தார்கள். அன்று ஒரு பொழுது உபவாசம் என்று நேர்ந்துகொண்ட உப்பளக்காரர் துளசித் தண்ணீரோடு எலும்பாகிக் கிடந்தார்; அவர் மனைவி காலைப் பிடித்து, "சாமி மன்னிச்சிரும், ஒரு வாய் கஞ்சி குடியும்" என்று அழும்போதெல்லாம் அவர், "பொழுது முடியலையேட்டி" என்றே சொன்னார். மறுநாள் கல்யாணம் என்று பந்தல்காலில் கட்டிய வாழைகள் வேர்பிடித்துக் குலை தள்ளியிருந்தன. மணப்பெண் மருதாணி மேல் மருதாணி வைத்து உள்ளங்கை கறுத்துப்போய், பந்தலுக்கு அடியில் பழம் தின்றுகொண்டிருந்தாள்.

இதையெல்லாம் சிரித்துக்கொண்டேகூடச் சொல்லலாம். ஆனால் அந்த நாளின் காலையில்தான் வேலாத்தாளின் மகள் பூங்காவனத்துக்குப் பிரசவ வலி எடுத்திருந்தது.

"நாளைக்குப் பொறந்துரும்" என்று மருத்துவச்சி நாகு முதல் சூரியனில் சொன்னாள். அறுபத்து மூன்றாவது சூரியனிலும் அதையே சொன்னாள், அது பொய்யுமில்லை. தெருப் பெண்கள் முறை போட்டுக்கொண்டு, விறகு பொறுக்குவது போல, தண்ணீர் தூக்குவது போல, பூங்காவனத்தின் கையைப் பிடித்துக்கொள்ளப் போனார்கள். அவள் பிடித்த பிடியில் ஒவ்வொருத்தியின் மணிக்கட்டிலும் ஒரு நீல வளையல் இருந்தது. அவளுடைய கத்தல் தெருவின் ஓசைகளில் ஒன்றாகிவிட்டது. அது உயரும்போது பேச்சை நிறுத்துவார்கள், தாழும்போது விட்ட சொல்லிலிருந்து தொடர்வார்கள்.

நான் படகிலிருந்து இறங்கும்போது வேலாத்தாள் கரையிலேயே கலயத்தோடு நின்றாள். என்னை நலம் விசாரிக்கவில்லை.

"வந்தியா சொர்ணம். எம் பிள்ளைய வந்து பாரு. இல்ல, பாக்காண்டாம். முதல்ல பாலைக் காய்ச்சு."

"அத்தை, முகம் கழுவிட்டு..."

"ஒனக்கு முகம் ஒரு கேடா? அடுப்பப் பத்த வையி!"

பற்ற வைத்தேன். வாசலில் நின்று அவள் கேட்டாள், நான் பதில் சொன்னேன், கலயத்தை வாங்கினேன். பாலில் மோரை ஊற்றி, தட்டால் மூடி, உறியில் வைக்கப் போனேன். உறி என் இடுப்புக்குச் சற்று மேலே தொங்கியது. அண்ணன் வாசல் நிலையில் தலை இடிக்கிற உயரம். அவனுக்கு எதற்கு இவ்வளவு தாழ்ந்த உறி என்று நினைத்ததோடு விட்டுவிட்டேன்.

மாலையில் தட்டை எடுத்தேன். பால், பாலாகவே இருந்தது.

அப்போதுதான் சுவரைப் பார்த்தேன். எங்கள் வீட்டில் மட்டும் ஒரு பழக்கம் உண்டு: முறை வரும் நாளில் தயிர் உறைந்ததும், உறை ஊற்றியவள் ஒரு விரல் தயிரைத் தொட்டு அடுப்புச் சுவரின் கரியில் ஒரு பொட்டு வைப்பாள். மேலே அம்மாவின் பொட்டுகள். அதற்குக் கீழே, அம்மா போன பிறகு நான் வைத்தவை. நான் மேட்டு நாட்டுக்குப் போன பிறகு சுவர் வெறுமையாக அல்லவா இருக்க வேண்டும், அண்ணன் கை பட்டால் பால் திரிந்துவிடும் என்பது எங்கள் வீட்டில் தெரிந்ததுதானே. ஆனால் எனக்குக் கீழே ஒரு முழத் தாழ்வில், சின்ன விரலால், இடைவெளி பிசகாமல் வைத்த முப்பது பொட்டுகள் இருந்தன. நான் போய் முப்பது சுற்று.

அண்ணன் வருடத்துக்கொரு கடிதம் எழுதுவான். கடைசியில் எப்போதும், தயிர் நன்றாக உறைகிறது என்று ஒரு வரி இருக்கும். அது ஒரு பெண்ணைப் பற்றிய செய்தி என்று எனக்கு அன்று மாலைதான் புரிந்தது.

மருத்துவச்சி நாகுவிடம் போகிறபோக்கில் கேட்பது போலக் கேட்டேன். "ஆமா, ஒருத்தி இருந்தா" என்றாள் அவள், வெந்நீரை ஆற்றிக்கொண்டே. "அக்கரைக்காரி. தாலியும் கிடையாது, தட்டும் கிடையாது. வேலைக்குன்னு வந்தா, இருந்துட்டா. ஒங்கண்ணன் எரிஞ்ச மறுநாளே பாத்திரத்தத் தூக்கித் தெருவுல வச்சாச்சு. போயிட்டா. அவளுக்கும் நாளுக்கும் என்ன இருக்கு? வாசல்ல வந்து கலயத்த வாங்குனது ஒங்கண்ணன்லா."

உண்மைதான். வாசலில் வாங்குகிறவரைத்தான் ஊர் பார்க்கும். உள்ளே யார் கையால் பால் உறைகிறது என்று யாரும் எட்டிப் பார்ப்பதில்லை.

இங்கேதான் நான் சொல்லக் கூசுவதைச் சொல்ல வேண்டும். அன்று மாலையே எனக்குத் தெரிந்துவிட்டது. நான் யாரிடமும் சொல்லவில்லை. வீட்டுக்கு வந்து, முறத்தை எடுத்து அந்த முப்பது பொட்டுகளுக்கு மேல் மாட்டினேன். உறியின் கயிற்றில் இரண்டு முடிச்சுப் போட்டு என் உயரத்துக்கு ஏற்றினேன். பாலுக்கு என் கை மறந்திருக்கும், பழகும், நாளை உறையும், உறைந்தால் மாசானம் தெருவெல்லாம் சொர்ணம் வீட்டு நாள் என்று கூவிப் போவார், அதை ஒரே ஒரு முறை கேட்டுவிட்டால் போதும் என்று நினைத்தேன். வேறெதுவும் என்னிடம் மிச்சமில்லாத காலம் அது. ஆனால் சுவருக்கு அந்தப் பக்கம் பூங்காவனம் இருந்தாள்.

அவள் படுத்திருந்த அறைக்கும் எங்கள் அடுக்களைக்கும் நடுவே ஒரே சுவர். ஒவ்வொரு மாலையும், வலி கொஞ்சம் தாழ்கிற நேரம் பார்த்து, அவள் குரல் வரும்.

"சொர்ணக்கா, பால் உறைஞ்சுதா?"

"இல்ல தாயி. நாளைக்கு."

"சரிக்கா." அவ்வளவுதான். பிறகு மறுபடியும் கத்தல்.

அறுபத்து நான்காவது சூரியனில் பசும்பாலை விட்டு எருமைப்பாலில் ஊற்றினேன். அறுபத்தைந்தில் கலயத்தை வைக்கோலில் புதைத்து வைத்தேன். அறுபத்தாறில் ஆறின பாலில் ஊற்றாமல் சூட்டோடு ஊற்றி, கண்ணை மூடி, அம்மா பெயரைச் சொன்னேன். வேலாத்தாள் தினமும் வாசலில் வந்து அதே கேள்வியைக் கேட்டாள், நான் அதே பதிலைச் சொன்னேன், அடுப்பு இருந்தது, பால் இருந்தது. அந்த நான்காம் மாலை தட்டை எடுத்துப் பார்த்துவிட்டு, சுவர்ப்பக்கம் காதை வைத்து, என்ன பதில் சொல்வது என்று தயாராக நின்றேன்.

பூங்காவனம் கேட்கவில்லை.

வலி இருந்தது, மூச்சு அறுபட்டு அறுபட்டு வருவது கேட்டது, ஆனால் அவள் பாலைப் பற்றிக் கேட்கவில்லை. விளக்கு வைத்த பிறகும் கேட்கவில்லை. நான் ஓடிப்போய் வேலாத்தாளின் கையைப் பிடித்து இழுத்து வந்து, முறத்தைக் கழற்றிவிட்டு, சுவரைக் காட்டினேன்.

வேலாத்தாள் பொட்டுகளை மெதுவாக ஒவ்வொன்றாகப் பார்த்தாள். அவளுக்கு விளக்கம் தேவைப்படவில்லை. தாழ்ந்திருந்த அந்த வரிசை யார் கை எட்டுகிற உயரம் என்று அவளுக்குத் தெரியும்.

"அந்தக் கழுத கையா?" என்றாள். பிறகு, "அவ பாத்திரத்த நாந்தான் தெருவுல வச்சேன். நாலு பேரு பாக்க நாந்தான் வச்சேன்" என்றாள். பிறகு என் பக்கம் திரும்பி, "நீ இத எப்பப் பாத்த?" என்று கேட்டாள்.

அவள் என் முகத்தையும், என் கையிலிருந்த முறத்தையும் பார்த்தாள். அறைவாள் என்று நினைத்தேன். அறைவதற்குக்கூட அவளுக்கு நேரமிருக்கவில்லை. விடிந்ததும் படகு வேண்டும் என்று மட்டும் சொல்லிவிட்டு மகளிடம் போய்விட்டாள்.

அறுபத்தேழாவது சூரியன் எழும்போது நானும் அவளும் கழியைக் கடந்தோம். கலயத்தை அவள் மடியில் வைத்திருந்தாள். அக்கரையில் கருவாட்டுக் கொட்டகைகளின் வரிசைக்குப் பின்னால், ஓலைச் சாய்ப்பு ஒன்றில், ஒரு ஆட்டைக் கட்டிப்போட்டுவிட்டு அந்தப் பெண் மீன் கீறிக்கொண்டிருந்தாள். குள்ளமான, ஐம்பதை நெருங்கும் பெண். எங்களைப் பார்த்ததும் கத்தியைக் கீழே வைக்கவில்லை.

"யாரு, வேலாத்தா அத்தையா? பாத்திரம் எதுவும் விட்டுப்போச்சா, கொண்டாந்திருக்கீக?"

சாய்ப்புக்குக் கதவு கிடையாது. கதவு இருந்திருந்தால் எங்கே இருக்குமோ அந்த இடத்தில் வேலாத்தாள் மணலில் நின்று, "நாள் கொண்டாந்திருக்கேன், வாங்கிக்கிடுதீகளா?" என்றாள். தன்னைவிட இளையவளை அவள் மரியாதை வைத்துக் கேட்டது என் காதுக்கே புதிதாக இருந்தது.

"யாரு வீட்டு நாளு?"

"தவசி வீட்டு நாளு."

"அவுகதான் செத்துட்டாகளே. உசுரோட இருந்தப்பவும் அந்த வீட்டுல அவுகளுக்கு என்ன சோலி, சாப்புடுறதத் தவிர?" என்று சொல்லிவிட்டு, சொன்ன வேகத்திலேயே கண் கலங்கிப் போனாள். கத்தியை மணலில் குத்தி வைத்தாள். "எரிக்கயில என்னையத் தூரத்துல, அந்த ஒத்தப் பனை கிட்ட நிக்கச் சொன்னீக. புகைதான் பாத்தேன். முகத்தப் பாக்கல."

"நான் செஞ்சது தப்புதான்" என்றாள் வேலாத்தாள். "என்னைய என்ன வேணும்னாலும் சொல்லு. இப்பச் சொல்லாத, பொறவு சொல்லு. எம் பிள்ள அங்க..."

"கேக்குது. கழிக்கு இந்தப் பக்கமும் காது இருக்கு." அவள் எழுந்து கையைக் கழுவினாள். "பூங்காவனம் நல்ல பிள்ள. வேலிக்கு மேல முருங்கக்கா நீட்டும். அக்கான்னு கூப்புடும், நீங்க இல்லாதப்ப."

"அப்ப வீட்டுக்கு வா."

"அந்த வீட்டுக்கு வரமாட்டேன்."

"ஏட்டி, சுத்துல இல்லாத எடம் இது, ஓலைச் சாய்ப்பு, இங்க எப்படி நாளு உறையும்?"

"உறையலன்னா எடுத்துட்டுப் போங்க." ஆட்டின் பக்கம் போய் உட்கார்ந்து கறக்கத் தொடங்கினாள். முதுகைக் காட்டிக்கொண்டே, யாருக்கோ சொல்வது போல, "அடுப்பு இருக்கு, பால் இருக்கு, குடுங்க" என்றாள்.

அவள் உறை ஊற்றியதில் விசேஷம் எதுவும் இல்லை. பாலைக் காய்ச்சி, விரலை விட்டுப் பார்த்து, ஒரு கரண்டி மோர். சட்டியை நிழலில் வைத்தாள். அப்புறம் நாங்கள் மூன்று பேரும் அதைச் சுற்றி உட்கார்ந்திருந்தோம், அசைந்தால் பாலும் அசையும் என்று பயந்து, நிழல் நகர நகர நாங்களும் நகர்ந்து, தண்ணீருக்கு மேல் வந்துகொண்டிருந்த அந்தக் குரலைக் கேட்டபடி. உச்சியில் அது மிக உயர்ந்தது. பிற்பகலில் அடிக்கடி நின்றது, நிற்கும்போதெல்லாம் வேலாத்தாள் மண்ணைக் கைநிறைய அள்ளினாள், மறுபடியும் கேட்கும்போது விட்டாள். என்னை யாரும் எதுவும் கேட்கவில்லை. நான் எதற்கு அங்கே உட்கார்ந்திருந்தேன் என்றுகூடக் கேட்கவில்லை.

வெயில் மஞ்சளானபோது குரல் நின்றது. பிறகு திரும்பி வரவில்லை.

அந்தப் பெண் தட்டை எடுத்தாள், சட்டியைச் சாய்த்தாள். பால் சாயவில்லை. விளிம்போடு விளிம்பாக, வெள்ளையாக, கெட்டியாக நின்றது.

வேலாத்தாளால் எழ முடியவில்லை. மகள் பெற்றுவிட்டாளா, போய்விட்டாளா, இந்த அமைதி எந்த அமைதி என்று தெரியாமல் அவள் உட்கார்ந்த இடத்திலேயே இரண்டு கைகளையும் தரையில் ஊன்றியிருந்தாள். ஊர்க்கரையில் மாசானம் தண்ணீர் ஓரம் வந்து நின்று, கையைக் குவித்துக் கூப்பிட்டார், "யாரு வீட்டு நாளு? நாளக் கொடுத்தவுக சொல்லணும், யாரு வீட்டு நாளு?"

வேலாத்தாள் தலை நிமிர்ந்தாள். சொல்ல வாயெடுத்து நிறுத்திக்கொண்டாள். முப்பது சுற்று சுவரும் வேலியுமாகப் பக்கத்தில் இருந்த பெண்ணின் பெயர் அவளுக்குத் தெரியாது. எனக்கும் தெரியாது.

"ஒம் பேரு என்னத்தா?" என்று கேட்டாள், மிகவும் மெல்லிய குரலில்.

அந்தப் பெண் உடனே சொல்லவில்லை. எவ்வளவு நேரம் எடுத்துக்கொண்டாள் என்று என்னால் சொல்ல முடியாது; ஒரு நாளின் முடிவுக்கும் இன்னொரு நாளின் தொடக்கத்துக்கும் நடுவே இருக்கிற நேரத்துக்கு எந்த நாட்டிலும் அளவு இல்லை. பிறகு, "செங்கமலம்" என்றாள்.

"செங்கமலம் வீட்டு நாளு!" என்று வேலாத்தாள் கத்தினாள், தொண்டை கிழிய, மறுபடியும் மறுபடியும். மாசானம் அதை வாங்கிக்கொண்டு தெருவுக்குள் ஓடினார். செங்கமலம் ஒரு விரலில் தயிரைத் தொட்டு, சுவரைத் தேடி, சாய்ப்பில் சுவர் இல்லாததால் அந்த விரலைத் தன் புடவையில் துடைத்துக்கொண்டாள்.

நாங்கள் கரை சேர்ந்தபோது உப்பளக்காரரின் மனைவி வாசலில் உட்கார்ந்து அவருக்குக் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தாள். மருமகன் துணி மூட்டையோடு யாரிடமும் சொல்லாமல் படகுத்துறைக்கு ஓடிக்கொண்டிருந்தார். வேலாத்தாள் வீட்டில் நாகு ஒரு பெண் குழந்தையைக் கையில் வைத்திருந்தாள். தோள்வரை முடி, கீழ்வரிசையில் இரண்டு பற்கள், அழாமல் எல்லோரையும் ஒவ்வொருவராகப் பார்த்தது. பூங்காவனம் உயிரோடு இருந்தாள். பாயோடு பாயாக ஒட்டிப்போயிருந்தாள், உதடு முழுக்க அவளுடைய பல்தடம், தலை பாதி நரைத்திருந்தது.

குழந்தையை அவள் கேட்கவில்லை. அம்மாவையும் கேட்கவில்லை. கூரையைப் பார்த்துக்கொண்டே, "எத்தன நாளாச்சு?" என்று கேட்டாள்.

அறையிலிருந்த பெண்கள் எல்லோரும் தங்கள் மணிக்கட்டைத் தடவிக்கொண்டார்கள். வேலாத்தாள் என்னைப் பார்த்தாள். எண்களைப் படித்தவள் நான்தான். அறுபத்தேழு என்று எனக்குத் தெரியும், அதில் மூன்று என்னுடையவை என்றும் தெரியும். ஆனால் எங்கள் ஊர்க் கணக்கில் அது வேலாத்தாள் வீட்டு நாள், அது மட்டும்தான், முன்னும் இல்லை பின்னும் இல்லை. வேறு எப்படிச் சொன்னாலும் அந்த மூன்றையும் சொல்ல வேண்டியிருக்கும்.

"ஒரு நாள்தான் தாயி" என்றேன்.

"ஒரு நாளா" என்றாள் பூங்காவனம். நாகு நீட்டிய குழந்தையை வாங்காமல், மெல்லப் புரண்டு, சுவரைப் பார்த்துப் படுத்துக்கொண்டாள்.